சோதனை எண் பன்னிரண்டு

பாக்கியராஜ் இருபத்தேழு வருஷமாக ரயில் ஓட்டுகிறார். ஒரு தரம்கூடச் சிவப்பு சிக்னலைத் தாண்டியதில்லை. இதை அவரே சொல்லிக்கொள்வார்; கேட்காதவர்களிடமும் சொல்வார். பெங்களூர் ஜீவனஹள்ளியில் அவர் வீட்டுக்கு எதிரே இஸ்திரி போடுகிறவருக்குக்கூட அது தெரியும்.

அதனால்தான் அந்த வேலைக்கு அவரைப் பொறுக்கி எடுத்தார்கள். பழைய சிக்னல் முறையை மாற்றிக்கொண்டிருந்த சமயம் அது. டிரைவர் கவனிக்காமல் போனாலும் தானாகவே பிரேக் போடும் கருவி ஒன்றை இன்ஜினில் பொருத்தி ஓட்டிப் பார்த்தார்கள். ஒரு இன்ஜின், பின்னால் ஒரே ஒரு பெட்டி, அதில் ரயில்வே அதிகாரிகளும் கருவி செய்த கம்பெனிக்காரர்களும். மூன்று நாளில் பதினொரு சோதனை. சிவப்பை நோக்கி வேகமாகப் போக வேண்டும். டிரைவர் பிரேக்கைத் தொடக் கூடாது. வண்டி தானாக நிற்கிறதா என்று பார்க்க வேண்டும்.

"கையக் கட்டிக்கினு உக்கார்றதுக்கா இத்தினி வருஷம் சர்வீஸ் பண்ணேன்?" என்று பக்கத்து சீட்டிலிருந்த லாவண்யாவிடம் சிரித்தார்.

லாவண்யா துணை டிரைவர். ஆம்பூர்ப் பெண். வேலைக்கு வந்து நாலு வருஷம் ஆகியிருந்தது. எதைச் சொன்னாலும் முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் பதில் சொல்வாள்.

மூன்றாம் நாள் பிற்பகல் மூன்றரைக்குப் பதினோராவது சோதனையும் முடிந்தது. பதினொன்றும் வெற்றி. பின்பெட்டியில் டீயும் பிஸ்கட்டும் கொடுத்துக்கொண்டிருந்தார்கள். இனி வெறுமனே பெங்களூருக்குத் திரும்ப வேண்டியதுதான்.

"ரீடிங் எல்லாம் பெங்களூர் வர்றதுக்குள்ள எழுதிக் கொடுத்துடு. சிக்னல நான் பாத்துக்கறேன்" என்றார் பாக்கியராஜ்.

"கூப்பிட வேணாமா சார்?"

சிக்னலைப் பார்த்ததும் அதன் நிறத்தை இருவரும் உரக்கச் சொல்ல வேண்டும், அதாவது கூப்பிட வேண்டும், என்பது விதி.

"மூணு நாளா இதே லைன்ல போய்ப்போய் வரோம். எழுதும்மா."

அவள் குனிந்து எழுத ஆரம்பித்தாள். அவர் பேசிக்கொண்டே ஓட்டினார். இந்த மாதிரி மிஷினெல்லாம் தூங்குமூஞ்சிகளுக்குத்தான் என்றார். தங்கவயல் சுரங்கத்தில் ஆட்களைக் கூண்டில் இறக்கும் இன்ஜினைத் தன் அப்பா ஓட்டிய கதையைச் சொன்னார். கீழேயிருந்து மணி எத்தனை தரம் அடித்தது என்பதை அவர் முப்பது வருஷத்தில் ஒரு முறைகூடத் தப்பாக எண்ணியதில்லையாம். நடுவில் பீப் பீப் என்று சத்தம் வந்தது. கை தானாகப் போய்ப் பொத்தானை அழுத்தியது. டிரைவர் விழித்திருக்கிறாரா என்று பார்க்க இன்ஜின் நிமிஷத்துக்கொரு தரம் அப்படித்தான் கத்தும். இத்தனை வருஷத்தில் லட்சம் தரமாவது அழுத்தியிருப்பார்.

"சார், ரெட்!"

லாவண்யாவின் அலறல் கேட்டு நிமிர்ந்தபோது சிவப்பு விளக்கு வெகு அருகில் இருந்தது. அவர் கை பிரேக்கை நோக்கி நகரவே இல்லை. அதற்குள் பிரேக்கின் காற்று சீறியது. இருவரும் முன்னால் தள்ளப்பட்டார்கள். பேனா எகிறி விழுந்தது. சக்கரங்கள் கிறீச்சிட்டு, வண்டி சிக்னலுக்குப் பதினெட்டு மீட்டர் முன்னால் நின்றது.

சிக்னலுக்கு அப்பால், ஒரு கல்லெறி தூரத்தில், பத்துப் பன்னிரண்டு பேர் பழைய தண்டவாளத்தைக் கழற்றிப் புதியதைக் கடப்பாரையால் நெம்பிக்கொண்டிருந்தார்கள். எல்லோரும் நிமிர்ந்து பார்த்தார்கள். அவர்களுடைய மேஸ்திரி கிருஷ்ணப்பா பாக்கியராஜுக்குத் தெரிந்தவர்தான். அவர் சிரித்துக்கொண்டே கையை உயர்த்திக் காட்டினார்.

பாக்கியராஜுக்குக் கடைசி ஒரு கிலோமீட்டர் ஞாபகமே இல்லை. சிவப்பு வரப்போகிறது என்று எச்சரிக்கும் மஞ்சள் விளக்கை அவர் பார்த்துவிட்டு மறந்ததாகத் தெரியவில்லை. பார்க்கவே இல்லை.

அதற்குள் ஜல்லியில் தடுமாறியபடி ஓடிவந்தான் ஹரிஷ்குமார். கருவி செய்த கம்பெனியின் இன்ஜினியர். டீ சிந்தி அவன் சட்டையெல்லாம் ஈரம். ஆனால் முகம் மலர்ந்திருந்தது.

"பாக்கியராஜ் சார்! சொல்லாம கொள்ளாம நீங்களே ஒரு சர்ப்ரைஸ் டெஸ்ட் வெச்சீங்களா? எங்களுக்கே தெரியாம? செம்ம சார்!"

அந்தக் கேள்விக்கு இல்லை என்று சொல்ல ஒரு நொடி போதும். பாக்கியராஜ் அந்த நொடியில் லாவண்யாவைப் பார்த்தார். அவள் கீழே விழுந்த பேனாவைத் தேடுவதுபோலக் குனிந்திருந்தாள்.

"சும்மா... செக் பண்ணேன் தம்பி. லிஸ்ட்ல இல்லாதப்பவும் நிக்குதான்னு பாக்க வேணாமா?"

கைதட்டினார்கள். இன்ஜினுக்கு முன்னால் நிற்கவைத்துப் படம் எடுத்தார்கள். ஹரிஷ்குமார் தன் அறிக்கையில் புதிதாக ஒரு வரி சேர்த்தான்: சோதனை எண் பன்னிரண்டு, முன்னறிவிப்பின்றி, டிரைவர் தாமாக முன்வந்து செய்தது. வெற்றி.

ஒரு வாரத்தில் பாராட்டுச் சான்றிதழ் வந்தது. மனைவி கிரேஸ் அதற்குச் சட்டம் போட்டு ஹாலில் மாட்டினாள். படத்தைச் சொந்தக்காரர்களுக்கெல்லாம் அனுப்பினாள். ஞாயிற்றுக்கிழமை விவேக் நகர் சர்ச்சில் பூசை முடிந்து வெளியே வந்தபோது ஆள் ஆளாக வந்து கை குலுக்கினார்கள். பாக்கியராஜ் செருப்பைத் தேடுகிற சாக்கில் தலையைக் குனிந்துகொண்டார். அந்தப் பத்துப் பன்னிரண்டு பேரும் கடப்பாரையோடு நிமிர்ந்து பார்த்தது அவருக்கு எங்கே போனாலும் தெரிந்தது. சாப்பிடும்போதுகூட.

அத்தோடு முடிந்திருந்தால் அவர் அப்படியே காலத்தை ஓட்டியிருப்பாரோ என்னவோ. அன்றிலிருந்து பத்தொன்பதாம் நாள் ஆய்வுக் கூட்டம் கூட்டினார்கள். பாதுகாப்புப் பிரிவு அதிகாரி வேதநாயகி நடுவில் உட்கார்ந்திருந்தார். லாவண்யா எழுத்தில் ஒரு குறிப்புக் கொடுத்திருந்தாள். அதை வேதநாயகி வாசித்தார்: புதிய கருவியின் எச்சரிக்கைச் சத்தமும், நிமிஷத்துக்கொரு தரம் வரும் பழைய சத்தமும் ஒன்றுபோல இருக்கின்றன, டிரைவர் பழக்க தோஷத்தில் இதையும் அதுவென்று நினைத்து அழுத்திவிடுவார்.

அன்று தான் அழுத்தியது எதை என்று அப்போதுதான் பாக்கியராஜுக்குப் புரிந்தது.

ஹரிஷ்குமார் கணினியைத் திருப்பிக் காட்டினான். "அப்படி ஆகாது மேடம். பன்னிரண்டாவது டெஸ்ட்ல பாருங்க, அலாரம் வந்ததும் சார் பட்டன அழுத்தியிருக்கார். பதிவாயிருக்கு. கேட்டுட்டுத்தான், வேணும்னே பிரேக் போடாம விட்டிருக்கார்."

வேதநாயகி பாக்கியராஜ் பக்கம் திரும்பினார். "நீங்க சீனியர். நீங்க சொல்லுங்க. சத்தத்துல ஏதாவது குழப்பம் இருந்துச்சா?"

எழுந்து நின்றிருந்த லாவண்யா பாக்கியராஜைப் பார்த்தாள். கெஞ்சலும் இல்லை, கோபமும் இல்லை. பதிலுக்காகக் காத்திருக்கும் பார்வை.

"எனக்குக் குழப்பம் ஒண்ணும் வரல மேடம்."

"புதுசுல அப்படித்தான் தோணும்மா" என்று லாவண்யாவிடம் இதமாகவே சொன்னார் வேதநாயகி. "போகப்போகப் பழகிடும்." குறிப்பை மடித்துக் கோப்பின் அடியில் வைத்தார். லாவண்யா உட்கார்ந்தாள். அவள் காதுமடல் சிவந்திருந்தது.

வெளியே வரும்போது ஹரிஷ்குமார், நாற்பது இன்ஜின்களுக்கு இதே கருவி அடுத்த மாதம் போகிறது என்று யாரிடமோ போனில் சொல்லிக்கொண்டிருந்தான். பதினெட்டு மீட்டர். அன்றைக்கு ஒரே பெட்டி, காய்ந்த தண்டவாளம். இருபது பெட்டியும் மழையுமாக இருந்தால் எங்கே போய் நிற்கும் என்று கணக்குப் போட பாக்கியராஜுக்குக் கருவி தேவைப்படவில்லை.

அன்று மாலை கிரேஸிடம் சொன்னார். அவள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். கை நின்றது.

"அப்போ நீங்க பாக்கவே இல்லியா?"

"இல்ல."

"அந்தப் பொண்ணு இன்னா சொல்லுச்சு?"

"ஒண்ணும் சொல்லல. நான்தான் அந்தப் பொண்ணப் பொய்க்காரியாக்கிட்டேன்."

கிரேஸ் கையிலிருந்த கீரைத் தண்டைக் கீழே போட்டாள். பிறகு சொன்னாள்: "போட்டோவ எல்லாருக்கும் அனுப்பிட்டேனேங்க."

அவர் எழுந்து முகம் கழுவப் போனார்.

மறுநாள் ஒன்பதரைக்கெல்லாம் வேதநாயகியின் அறை வாசலில் நின்றார். உள்ளே கூப்பிட்டதும் உட்காராமலேயே சொன்னார்.

"பன்னெண்டாவது டெஸ்ட்டுன்னு ஒண்ணு நடக்கவே இல்ல மேடம். நான் சிக்னலப் பாக்கல. மஞ்சளையும் பாக்கல, சிவப்பையும் பாக்கல. அலாரத்த அந்தப் பழைய சத்தம்னு நெனச்சு அழுத்திட்டேன். லாவண்யாவ நான்தான் எழுதச் சொன்னேன். அந்தப் பொண்ணு எழுதிக் கொடுத்தது அத்தனையும் நெசம்."

வேதநாயகி பேனாவை மூடினார்.

"நேத்து உங்ககிட்ட நேராவே கேட்டேனே பாக்கியராஜ்."

"ஆமா மேடம்."

"பத்தொன்பது நாளா ஏன் சொல்லல?"

வழியெல்லாம் காரணங்கள் யோசித்து வைத்திருந்தார். "வெக்கமா இருந்துச்சு மேடம்" என்றார். வயசுக்குப் பொருந்தாமல் சின்னப்பிள்ளைத்தனமாக ஒலித்தது அது.

வேதநாயகி திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலை. ஒரு வெள்ளைத்தாளை நகர்த்தி, "எழுதிக் குடுங்க" என்றார். எழுதி முடிக்க ஒன்றரை மணி நேரம் ஆயிற்று.

அதன்பின் எல்லாம் மளமளவென்று நடந்தது. அவரை வண்டி ஓட்டுவதிலிருந்து நிறுத்தினார்கள். விசாரணை வைத்தார்கள். கண்ணில் கோளாறில்லை என்று டாக்டர் எழுதினார்; அது அவருக்கு ஆறுதலாக இல்லை. கண்ணில் கோளாறிருந்தால் சொல்லிக்கொள்ள ஒரு காரணமாவது இருந்திருக்கும். சான்றிதழைத் திருப்பி வாங்கிக்கொண்டார்கள். எச்சரிக்கையோடு விட்டார்கள், ஆனால் இனி இன்ஜின் கிடையாது, டிரைவர்கள் வேலைக்கு வந்து கையெழுத்துப் போடும் அறையில் மேஜை வேலை என்றார்கள். லாவண்யாவுக்கும் ஒரு எச்சரிக்கைக் கடிதம் போயிற்று, சிக்னலைக் கவனிக்காமல் எழுதிக்கொண்டிருந்ததற்காக. தான் சொன்னதால்தான் எழுதினாள் என்று அவர் எத்தனை தரம் சொல்லியும் அது மாறவில்லை.

கருவியை நிறுத்திவைத்தார்கள். ஹரிஷ்குமார் ஒரு நாள் வந்து அவரோடு இரண்டு மணி நேரம் உட்கார்ந்து, எந்தச் சத்தம் எப்போது வந்தது, கை எப்படிப் போயிற்று என்று ஒவ்வொன்றாகக் கேட்டு எழுதிக்கொண்டான். முதலில் அவன் முகம் கொடுத்துப் பேசவில்லை. முடிவில், "அன்னிக்கு மொதல்ல கையத் தட்டினதே நான்தான் சார்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனான். இப்போது அந்தக் கருவி ஏறி இறங்கும் வேறொரு ஒலியோடு கத்துகிறது; அதற்கான பொத்தானும் வேறு பக்கத்தில் இருக்கிறது. நாற்பது இன்ஜின்களும் இரண்டு மாதம் தாமதமாக ஓடத் தொடங்கின.

மேஜை வேலைக்கு வந்தபிறகு முதல் முறையாக லாவண்யா அவர் முன்னால் வந்து நின்றது ஒரு செவ்வாய்க்கிழமை காலை. குடித்திருக்கிறார்களா என்று பார்க்க ஊதிக் காட்டும் கருவியை நீட்டினார். ஊதினாள். பூஜ்யம். பதிவேட்டைத் திருப்பி வைத்தார்.

"லெட்டர் வந்துச்சா?" என்று கேட்டார்.

"வந்துச்சு சார்."

"நான் சொல்லிப் பாத்தேன்."

"தெரியும் சார். நான் தலையக் குனிஞ்சிருந்தது நெசம்தான்." கையெழுத்துப் போட்டாள். போகவில்லை. "அந்த மீட்டிங்ல நீங்க இப்ப சொல்லுவீங்க, இப்ப சொல்லுவீங்கன்னு கடைசி வரைக்கும் உங்களையே பாத்துக்கிட்டு இருந்தேன். மறுநாள் சொன்னீங்க. அது சரிதான். ஆனா அந்த ரூம்ல சொல்லல சார்."

அவரால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை. பதிவேட்டில் அவள் கையெழுத்தைப் பார்த்தபடி, "சொல்லல" என்றார்.

அவள் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு பிளாட்பாரத்தை நோக்கிப் போனாள். பின்னாலிருந்த டிரைவர், மாறுதலாகி வந்த புது ஆள், முன்னே வந்து அவர் சட்டையிலிருந்த பெயரை வாசித்துவிட்டு, "அந்த சர்ப்ரைஸ் டெஸ்ட் வெச்சவர் நீங்கதானே?" என்று கேட்டார்.

"டெஸ்ட் இல்லீங்க. நான் சிக்னலப் பாக்காம விட்டுட்டேன்" என்றார் பாக்கியராஜ். காது சுட்டது. ஊதும் கருவியை எடுத்து அவர் முன்னால் நீட்டினார்.