பன்னிரண்டு வினாடி

விருது விழாவில் போட்டுக் காட்ட ஒரு பழைய காட்சி வேண்டும், அதற்கு அதில் பேசும் பையனுடைய அம்மாவின் கையெழுத்து வேண்டும். இவ்வளவுதான் வேலை. கலவரம், ஊரடங்கு, காணாமல் போனவர்கள் என்று முப்பது வருடம் ஆவணப்படம் எடுத்துப் பேர் வாங்கிய தயாரிப்பாளர், மூன்று மாடி ஏறுவதற்குள் நாலு தடவை சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். ஆளை அனுப்பியிருக்கலாம். நேரில் போவதுதான் மரியாதை என்று தானே வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டார்.

அந்த அம்மா படிவத்தைப் படிக்கவேயில்லை. கையெழுத்துப் போட்டு நீட்டினார்.

"எனக்கு ஒண்ணே ஒண்ணு வேணும் தம்பி. படத்துல எம் புள்ள பேசறது கண்ண மூடித் தெறக்கறதுக்குள்ள முடிஞ்சிடுது. அன்னிக்கு ஒரு மணி நேரம் பேசினான். அந்த டேப்பக் குடுங்க. இவ பொறக்கறதுக்கு முன்னாடியே அவனப் போலீசு கொண்டுபோயிடுச்சு, திரும்பி வரவேயில்ல."

இவள் என்றது பேத்தியை, அந்தப் பையனின் மகளை. கல்லூரிக்குப் போகிற பெண். சுவரோரம் நின்றிருந்தாள்.

தயாரிப்பாளர் அந்தப் பேட்டியிலிருந்து படத்துக்கு வேண்டிய பன்னிரண்டு வினாடியை மட்டும் எடுத்துக்கொண்டு, புது டேப் வாங்கச் சோம்பல்பட்டு, அந்த டேப்பின் மேலேயே ஒரு மந்திரியின் பேட்டியைப் பதிந்துவிட்டிருந்தார். பையனைப் பிடித்துக்கொண்டு போய் அப்போது இரண்டு நாள் ஆகியிருந்தது. வெளியே வரட்டும், இதைவிட நல்ல பேட்டி கிடைக்கும் என்று நினைத்தாரே, அந்த நினைப்பை எங்கே கொண்டுபோய் ஒளிப்பது?

"தேடச் சொல்றேம்மா" என்று வாய்வரை வந்துவிட்டது. எட்டு வருடமாகப் போன் பண்ணிக் கேட்கும் அந்த அம்மாவுக்கு ஆபீஸில் அதைத்தான் சொல்கிறார்கள். சொல்லச் சொன்னதே இவர்தான்.

"இல்லம்மா. அழிச்சிட்டோம். நான்தான் அழிச்சேன். அது மேலயே ஒரு மந்திரி பேட்டிய எடுத்துட்டேன்."

அந்த அம்மா திட்டவில்லை. திட்டித் தீர்த்திருந்தால்கூடத் தேவலை என்றிருந்தது அவருக்கு.

"மந்திரி என்ன சொன்னாரு?"

"ஞாபகம் இல்லம்மா."

"சரி, அது கெடக்கட்டும். எம் புள்ளைக்கு எதிர்ல உக்காந்து கேட்டது நீங்கதானே? அவன் சொன்னத நீங்க சொல்லுங்க. அது போதும் எங்களுக்கு."

அவர் நினைவைத் துழாவினார். சன்னல் வெளிச்சம் குறைந்துகொண்டே வந்தது, தாம் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே தலையாட்டியது, எல்லாம் பளிச்சென்று வந்தன. பையன் பேசியதில் படத்தில் இருக்கும் பன்னிரண்டு வினாடிக்கு மேல் ஒரு சொல் வரவில்லை.

பேத்தி நாற்காலியை இழுத்து எதிரே போட்டாள். போனில் பதிவை அழுத்தி அவர் பக்கத்தில் வைத்தாள். இரைச்சல் விழக்கூடாதென்று எழுந்துபோய் மின்விசிறியை நிறுத்திவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

"சொல்லுங்க சார். மெதுவாவே சொல்லுங்க."

விசிறி இன்னும் இரண்டு சுற்றுச் சுற்றி நின்றது.