கிளாஷா சுற்றிய குதிரைகள்

சோவியத் நாட்டின் ஒதெஸ்ஸா சினிமா ஸ்டுடியோவின் திரையறையில் கிளாஷா உட்கார்ந்திருந்தாள். முந்தாநாள் அவள் எடுத்த காட்சியை இப்போது போட்டுப் பார்க்கப் போகிறார்கள். கெட்டுப்போயிருந்தால் மறுபடி பிலிம் வெட்டி ஒட்டும் அறைதான். பெண் என்றால் அங்கேதான் உட்கார வேண்டும் என்று எந்த மகராசன் எழுதி வைத்தானோ!

கேமராமேன் சவேலி வண்டியிலிருந்து விழுந்து கையை முறித்துக்கொண்டதால் வந்த வாய்ப்பு அது. செம்படைக் குதிரைவீரர்களை ஒரே ஒரு நாளுக்குத்தான் தந்திருந்தார்கள். வேறு ஆள் தேட நேரமில்லை. குதிரைகள் நேராக அவளை நோக்கிப் பாய்ந்து வந்து, கிட்டே வந்ததும் இரண்டாகப் பிரிந்து போகவேண்டும்.

கேமராவின் கைப்பிடியை ஒரே சீராகச் சுற்றவேண்டும். பயந்தால் கை தானாக வேகமெடுக்கும். வேகமாகச் சுற்றினால் பிலிமில் படங்கள் கூடுதலாகப் பதிந்து, திரையில் குதிரைகள் தண்ணீருக்குள் ஓடுவதுபோல மெதுவாக மிதக்கும். சுற்றியவரின் பயத்தை ஊருக்கே காட்டிக்கொடுக்கிற பாழாய்ப்போன பெட்டி.

"சூப் கிண்டுற கை. குதிரையெல்லாம் நீந்திட்டு வரப்போகுது பாரு," என்று பக்கத்து நாற்காலியிலிருந்து கட்டுப்போட்ட கையோடு சவேலி சீண்டினான்.

"முறியாத கையாவது எனக்கு இருக்குல்ல, அண்ணே," என்றாள் கிளாஷா.

விளக்கை அணைத்தார்கள். திரையில் குதிரைகள் வந்தன. மிதக்கவில்லை, பாய்ந்தே வந்தன. மூக்குத்துளை விரிவது தெரிகிற அளவுக்கு நெருங்கி, பிரிந்து மறைந்தன. அதன்பிறகு ஒரு வீரனின் தொப்பி மட்டும் காற்றில் மெல்ல, மெல்ல, இறகுபோல இறங்கியது. புழுதி சோம்பல் முறித்தது.

போச்சு என்று கிளாஷா தலையைக் குனிந்துகொண்டாள்.

டைரக்டர் பிளாட்டன் இலியிச் திரும்பிப் பார்த்தார். "கடைசியில என்னம்மா ஆச்சு?"

"குதிரையெல்லாம் போயிருச்சு, தோழர். நான் உயிரோட இருக்கேன்னு தெரிஞ்சதும் கை கண்டபடி சுத்திருச்சு."

சவேலிதான் முதலில் சிரித்தான். "குதிரை போனப்புறம்தான் இவ பயந்திருக்கா. நானா இருந்தா அது வரும்போதே பயந்துருவேன்."

"பிலிமோட வால் பக்கத்தை வெட்டிட்டாப் போதும்," என்றார் டைரக்டர்.

"இதோ, வெட்டிடுறேன்," என்று பழக்கதோஷத்தில் கிளாஷா எழுந்தாள்.

"நீ உக்காரும்மா. அதுக்கு ஆள் இருக்காங்க. நாளைக்குத் துறைமுகத்துல ஷூட்டிங், கேமராவோட வந்துரு."

அப்பாடா என்று அவள் உட்கார்ந்தாள். வலது கை மடியில் ஒரே சீராகச் சுற்றிப் பார்த்துக்கொண்டிருந்தது.