சிட்டுவின் அம்மா

மகள் தலைவாரிவிட்டுக்கொண்டிருந்தபோது அம்மா திடீரென்று பாடினாள். பக்கவாதம் வந்து நாற்பத்தொரு நாள் ஆகியிருந்தது. வலக்கையும் பேச்சும் ஒரே காலையில் போயின. தண்ணீர் வேண்டுமென்றால்கூட "அது... அது..." என்று திணறி, கண்ணில் நீர் முட்டக் கட்டிலைத் தட்டுவாள். அப்படிப்பட்டவள், "உறங்கடி சிட்டு, உனக்கும் ஒரு விடியலுண்டு" என்று ஒரு சொல் தடுக்காமல், இழுக்க வேண்டிய இடத்தில் இழுத்துப் பாடினாள். மகளின் கையிலிருந்த சீப்பு கூந்தலிலேயே நின்றது.

அந்தப் பாட்டை அறியாத வீடு இல்லை. வானொலியில் மெல்லிசை பாடிக்கொண்டிருந்த அம்மாவை, தாயில்லாக் குழந்தையை எடுத்து வளர்க்கும் ஒரு நர்ஸாக நடிக்கத்தான் கூப்பிட்டார்கள். ஆறு மாதம் என்று ஆரம்பித்த தொலைக்காட்சித் தொடர் பதினொரு வருடம் ஓடியது. தொடரில் அந்தக் குழந்தையின் பெயர் சிட்டு. கடைத்தெருவில் இறங்கினால் முன்பின் தெரியாத பெண்கள் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "சிட்டுவை அடிச்சிடாதீங்க, பாவம்" என்று அழுவார்கள். விடுமுறை நாட்களில் வெளியூர் மேடைகள். பொம்மி என்று செல்லமாக அழைக்கப்பட்ட சொந்த மகளுக்கு அப்போது ஒன்பது வயது. மாலை ஏழு மணிக்கு அப்பா தொலைக்காட்சியைப் போட்டுவிட்டு, "அம்மா வந்துட்டா, ஓடி வா" என்பார். அவளும் ஓடிவருவாள். அம்மா சிட்டுவை மடியில் போட்டுத் தட்டிக்கொண்டிருப்பாள். பாட்டு முடியுமுன் இவள் தூங்கிப்போவாள்.

இப்போது அவள் ஒரு கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறாள். விவரம் தெரிந்த யாராவது, "உங்கம்மா எங்க வீட்டுல ஒருத்தி மாதிரிங்க" என்பார்கள். "எங்க வீட்டுலதான் ஆளையே காணோம்" என்று சிரித்துக்கொண்டே சொல்வாள். எல்லோரும் அதை நகைச்சுவை என்றே எடுத்துக்கொண்டார்கள்.

பேச்சுப் பயிற்சி தரும் பெண்மணி, அம்மா பாடினாள் என்று கேட்டதும் துள்ளிக் குதிக்காத குறை. "பேச்சுக்கு ஒரு வழின்னா பாட்டுக்கு வேற வழிம்மா. அந்த வழி அடைபடல. எல்லாத்தையும் ராகம் போட்டுக் கேளுங்க, பதில் வரும்" என்றார். மகளோ பள்ளி வாழ்த்துப்பாட்டுக்கே வாயை மட்டும் அசைத்தவள். அந்த வாரம் முழுக்க அவள் பாடவில்லை. அம்மாதான் பாடினாள். இவள் முகத்தைப் பார்த்து, ஆசையாக, சிட்டு சிட்டு என்று. கஞ்சி ஊட்டும் கை ஒவ்வொரு முறையும் ஒரு கணம் தயங்கும்.

ஞாயிற்றுக்கிழமை முற்பகல், சிட்டுவாக நடித்தவளே வந்தாள். இவளைவிட ஒரு வயது இளையவள். இப்போது வேறொரு தொடரில் மாமியாராம். அம்மாவின் காலடியில் உட்கார்ந்து அழுதுவிட்டு, அம்மா கண்ணயர்ந்ததும் சமையலறைக்கு வந்தாள். மகள் டீ போட்டுக்கொண்டிருந்தாள்.

"அம்மா உங்களைத்தான் தேடிட்டிருந்தாங்க. வாய் திறந்தா சிட்டுதான்" என்றாள் மகள், அடுப்பைப் பார்த்தபடி.

வந்தவள் அடுப்பருகே வந்து நின்றாள். பிறகு, "ஒண்ணு சொல்லட்டுமாக்கா? அந்தத் தாலாட்டு சீன் எடுக்கிறப்ப எனக்கு எட்டு வயசு. அம்மா 'உறங்கடி பொம்மி'ன்னு பாடிட்டாங்க. டைரக்டர் கட் சொன்னார். மறுபடியும் பொம்மி. நாலு தடவை! அப்புறம் ஒரு அட்டையில சிட்டுன்னு பெருசா எழுதி, கேமராவுக்குப் பக்கத்துல பிடிச்சாங்க. அதைப் பார்த்துப் பார்த்துப் பாடினாங்க. யாருடா இந்தப் பொம்மின்னு எனக்கு உங்க மேல அப்படியொரு எரிச்சல்" என்றாள்.

டீ பொங்கி வழிந்தது. மகள் துணியை எடுத்துத் துடைத்தாள். துடைத்த இடத்தையே மறுபடி துடைத்தாள். நிஜமா என்று கேட்க நாக்கு நுனிவரை வந்தது. வந்தவளும் நடிகைதானே, ஆறுதலுக்காக இட்டுக்கட்டிச் சொல்ல எவ்வளவு நேரமாகும்? கேட்டால் சொல்லக்கூடிய ஒரே ஆள் உள்ளே வாய் கோணத் தூங்கிக்கொண்டிருந்தாள். "சர்க்கரை எவ்வளவு போடட்டும்?" என்று மட்டும் கேட்டாள்.

வந்தவள் போனபின், பிற்பகல் வெயில் கட்டில்வரை வந்தபோது அம்மா விழித்தாள். கால் நகங்கள் வளர்ந்திருந்தன. மகள் அவளைக் கட்டில் விளிம்பில் உட்காரவைத்து, நகவெட்டியோடு தரையில் அமர்ந்து, அம்மாவின் பாதத்தை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். தொண்டையைச் செருமினாள். யாராவது கேட்கிறார்களா என்று ஜன்னலைப் பார்த்தாள்.

"நகம் வெட்டட்டுமா, வலிச்சாச் சொல்வியா" என்று, ராகமா ஒப்பாரியா என்று பிரிக்க முடியாத ஒன்றில் பாடினாள்.

அம்மாவின் புருவம் ஏறியது. இத்தனை வருடப் பாடகியின் காது அந்தச் சுருதியைச் சகிக்கவில்லை என்பது தெளிவாகத் தெரிந்தது. பிறகு, அதே வரிக்குச் சரியான ராகத்தைக் காட்டுவதுபோல, "வெட்டு... வெட்டு... மெல்ல வெட்டு" என்று பாடினாள். மகளுக்குச் சிரிப்பு வந்தது. சிரிப்பு பாதியில் வேறு ஏதோவாக மாறியதால் தலையைக் குனிந்துகொண்டு நகத்தை வெட்டத் தொடங்கினாள்.

குனிந்த முதுகில் ஒரு கை வந்து விழுந்தது. இடக்கை. பழக்கமில்லாத கை, தாளம் ஒன்றுவிட்டு ஒன்று தவற, மெதுவாகத் தட்டத் தொடங்கியது. அம்மா பாடவில்லை, பெயர் எதுவும் சொல்லவில்லை. பத்து நகமும் வெட்டி முடிந்திருந்தன. மகள் நிமிரவில்லை.