நான்காவது பத்தியில் ஒரு தாய்

1

இந்தக் கதை என் விரல் வழுக்கியதால் பிறந்தது. மறைத்துப் பயனில்லை, கோர்ட்டுக் கோப்பில் இன்னும் இருக்கிறது.

தொடக்கத்தை மூன்று முறை எழுதிப் பார்த்தேன். "மழை பெய்துகொண்டிருந்த ஒரு காலையில்..." (பெய்யவில்லை.) "நீதி என்பது..." (எனக்குத் தெரியாது.) ஆகவே நேராகவே வருகிறேன். நான் வக்கீல். நாற்பத்தோரு வயதிலும் ஜூனியர். சீனியர் சொல்லச் சொல்ல வழக்குகளைத் தட்டச்சு செய்பவள்.

2

பல் டாக்டர் ஒருவர் பக்கத்து வீட்டுத் தையல்காரர் மேல் வழக்குப் போட வந்தார். காரணம், தையல்காரரின் நாய். அது குரைக்கிற குரைப்பில், பல் பிடுங்க வந்தவர்கள் திறந்த வாயோடு ஓடிப்போகிறார்களாம். நாயை அந்த வீட்டைவிட்டே அப்புறப்படுத்த உத்தரவு வேண்டும்.

என் விசைப்பலகையில் 'த'வும் 'ந'வும் அக்கம்பக்கம். நான்காவது பத்தி இப்படி விழுந்தது:

"பிரதிவாதியின் தாய் நாள் முழுக்கக் குரைப்பதோடு, மதில் ஏறிக் குதித்து வாதியின் இடது செருப்பைக் கவ்விச் சென்றது."

சீனியர் கையெழுத்துப் போட்டார். டாக்டரும் போட்டார். இருவருமே படிக்கவில்லை. சம்மனோடு போன நகலை முதன்முதலில் முழுசாகப் படித்தவர் பிரதிவாதியின் தாய்.

3

(இங்கே அவரை அழவைக்க நினைத்தேன். அந்த அம்மாவின் கண்களில் நீர் திரண்டு— வேண்டாம். அவர் அழுகிற ஆளில்லை.)

நேரே ஆபீசுக்கே வந்துவிட்டார்.

"யாரு எழுதினது இதை?"

"நான்தாம்மா. நாய்னு வரணும். கை தவறிடுச்சு."

"என் வாயில இருக்கற ஆறு பல்லும் அந்த டாக்டர் கட்டினது. ரொட்டியே கடிக்க முடியல. இதை வெச்சுகிட்டு நான் செருப்பைக் கவ்வினேனா?"

சீனியர் மேசைக்கடியில் குனிந்து எதையோ தேடினார். சிரித்து முடித்த பிறகுதான் நிமிர்ந்தார்.

"திருத்த மனு போட்டுடறோம்மா. விசாரணை இன்னும் தொடங்கல. இப்ப கேட்டா ஜட்ஜ் சுலபமா அனுமதிச்சுடுவார்."

"மதில் ஏறினேன்னு எழுதினது பரவாயில்ல," என்றார் அவர், முழங்காலைத் தடவிக்கொண்டே. "கேக்க நல்லாத்தான் இருக்கு. குரைச்சேன்னு சொன்னதுதான் ஆறல."

4

ஜட்ஜ் அனுமதித்தார். வழக்கிலிருந்த எல்லாத் 'தாய்'களையும் ஒரே அமுக்கில் 'நாய்' ஆக்கிவிட்டேன். (இதைப் படித்ததும் நீங்கள் "ஐயோ" என்றிருந்தால், என்னைவிடப் புத்திசாலி.)

திருத்திய வழக்கு சொன்னது: "வாதி, எழுபத்திரண்டு வயதான தன் நாய் மற்றும் மனைவியுடன் வசிக்கிறார். குரைப்புச் சத்தத்தால் வாதியின் நாய் உறக்கமின்றி மாத்திரை சாப்பிட்டு வருகிறார். இது வாதிக்கு அவரது நாய்மொழியில் படித்துக் காட்டப்பட்டது."

மறுநாள் டாக்டரின் அம்மா வந்தார். திருத்திய நகல் வாங்க வந்திருந்த தையல்காரரின் அம்மா பழைய நகலோடு ஏற்கெனவே பெஞ்சில் இருந்தார். வழக்கு வந்ததிலிருந்து இருவருக்கும் பேச்சில்லை. ஒருவர் காகிதத்தை ஒருவர் வாங்கிப் படித்தார்கள்.

"உங்களுக்காவது செருப்பு கெடைச்சுது," என்றார் டாக்டரின் அம்மா. "எனக்கு வெறும் மாத்திரைதான்."

அப்புறம் இருவரும் சிரித்த சிரிப்பில் பெஞ்சு நகர்ந்தது.

"அது சரி," என்று டாக்டரின் அம்மா என் பக்கம் திரும்பினார். "காது மிஷினைக் கழட்டிட்டுப் படுத்தா எனக்கு எதுவுமே கேக்காது. எந்தக் குரைப்புல என் தூக்கம் போச்சு?"

சீனியர் மறுபடி மேசைக்கடியில் குனிந்தார்.

5

டாக்டரும் தையல்காரரும் கட்டிப்பிடித்துக்கொண்டதாக முடிக்கலாம். (நடக்காது. இருவருக்கும் ரோஷம் அதிகம்.) நாயே சாட்சிக் கூண்டில் ஏறி— (கூடாது.)

இப்போது இரண்டு அம்மாக்களும் என் நாற்காலிக்குப் பின்னால் நின்றுகொண்டு சமரச மனு அடிக்கச் சொல்கிறார்கள். மகன்களுக்கு இன்னும் விஷயமே தெரியாது. "இனி பகல் வேளையில் நாய்..." என்பதுவரை அடித்துவிட்டேன். அதற்குமேல் ஒருவர் மொட்டைமாடி என்கிறார், மற்றவர் பின்னறை என்கிறார். வெயில், காற்று, கொசு என்று அரை மணி நேரமாகப் பேச்சு போகிறது.

நாய் எங்கே இருக்கட்டும்? நீங்களே சொல்லுங்கள், அடித்துவிடுகிறேன். கொஞ்சம் நிதானமாக, ஒவ்வொரு எழுத்தாக.