கேமராவுக்குக் குறுக்கே

படக்காரி ஆவணப்படம் எடுக்க எட்டு மாதமாக அந்தப் பால்பண்ணையிலேயே பழியாகக் கிடந்தாள். ‘படக்காரி’ என்பது பண்ணைக்காரர் வைத்த பெயர். அவள் யாரையும் நடிக்கச் சொல்ல மாட்டாள், கேள்வி கேட்க மாட்டாள். நடப்பது நடக்கட்டும், கேமரா ஓரமாக நின்று பார்க்கட்டும் என்பதுதான் அவள் கொள்கை.

முதல் நாள் மட்டும் வாய் தவறிவிட்டது. பண்ணைக்காரர் பால் கறந்துகொண்டிருந்தபோது, அவர் மனைவி வாளியோடு நடுவே புகுந்துவிட்டாள்.

“அக்கா, கேமரா ஓடுறப்ப குறுக்கே வராதீங்க.”

“ஏன், மாட்டை விட நான் மோசமாவா இருக்கேன்?”

“போடி, மாடு கோவிச்சுக்கப் போகுது,” என்றார் பண்ணைக்காரர்.

மூவரும் சிரித்தார்கள். படக்காரி அன்றோடு அதை மறந்துபோனாள். அதன்பிறகு அக்கா ஒருநாளும் குறுக்கே வரவில்லை. நன்றாகப் பழகிவிட்டாள் என்று படக்காரி நினைத்துக்கொண்டாள்.

பண்ணைக்காரர் போய் ஒரு மாதமாகிறது. நெஞ்சுவலி. தொழுவத்தில் சாய்ந்தபோது பக்கத்தில் யாருமில்லை. படக்காரி பேட்டரி எடுக்க வண்டிக்குப் போயிருந்தாள். கேமரா மட்டும் தானாக ஓடிக்கொண்டிருந்தது.

அந்தக் காட்சியைப் போன வாரம்தான் பார்த்தாள். பார்த்ததை யாரிடமும் சொல்லவில்லை. படத்தில் மாட்டின் முதுகும், ஓரத்தில் சமையலறைக் கதவருகே ஏதோ நீலத் துணியும்தான் தெரிந்தன. ஆனால் அவர் சட்டையில் செருகியிருந்த குட்டி மைக் எல்லாவற்றையும் பிடித்திருந்தது.

இன்று அக்கா இரண்டு பஸ் மாறி எடிட்டிங் அறைக்கே வந்துவிட்டாள். நாற்காலி நுனியில் உட்கார்ந்து, கைப்பையின் வாரை முறுக்கிக்கொண்டே இருந்தாள்.

“ஒண்ணே ஒண்ணு சொல்லும்மா. அவர் என்னைக் கூப்பிட்டாரா?”

படக்காரி இதுவரை தன் படங்களில் ஒரு சத்தத்தைக்கூட மாற்றி ஒட்டியவள் இல்லை.

“இல்லக்கா. சட்டுனு போயிட்டாரு. சத்தமே இல்ல.”

“உனக்குப் பொய் சொல்ல வரலம்மா.” அக்காவின் குரல் தணிந்திருந்தது. “மூணு தடவை கூப்பிட்டாரு. எனக்குக் கேட்டுச்சு. கதவுகிட்டதான் நின்னுட்டிருந்தேன்.”

“அக்கா...”

“கேமராவுல சிவப்பு லைட் எரிஞ்சுதேம்மா. சும்மாதான் கூப்பிடுறாரு, அணைஞ்சதும் போலாம்னு நின்னுட்டேன்.”

அப்போதுதான் அந்த நீலத் துணி எதுவென்று படக்காரிக்கு உறைத்தது.

“அதைப் போடும்மா. குரலை ஒரு தடவை கேட்டுக்கிறேன்.”

படக்காரி பொத்தானை அழுத்தினாள். திரையில் மாடு அசைபோட்டது.

“ஏய்... இங்க வாயேன்.”

ஓரத்து நீலம் லேசாக அசைந்தது. நின்றது.

“வாயேன்டி...”

மூன்றாவது அழைப்பில் பாதி மூச்சுதான் இருந்தது. கைப்பை தரையில் விழ, அக்கா எழுந்தாள்.

“இதோ வந்துட்டேங்க,” என்றபடி போய், திரைக்குக் குறுக்கே நின்றாள்.