ஒரு தலை, மூணு வேண்டுதல்

எல்லாரும் நல்லா கீறீங்களா? இந்த மழைக்கு சளி கிளி புடிக்காம, முட்டி வலி இல்லாம, வேளைக்கு சாப்ட்டுகினு கீறீங்களா? நான் நல்லா கீறேன், வாய்க்கும் ஒண்ணும் கொறச்சல் இல்ல. தலைக்கு இன்னா தேய்க்கிறது, மூஞ்சிக்கு இன்னா பூசறதுன்னு நாலஞ்சு பேர் கேட்டுகினே இருந்தீங்க. சொம்மா இத போடு அத போடுன்னா நாளைக்கே மறந்துடுவீங்க. அதனால எங்க அண்ணன் பொண்ணு ஜோதிலட்சுமி தலைக்கு வந்த பேஜார சொல்றேன். நீங்க கேட்டது அதுக்குள்ளயே கீது.

அது ரெண்டாயிரத்து ஒண்ணு. எங்க அண்ணன் தர்மராஜு சதுரங்கப்பட்டினத்துல புதுசா வூடு கட்டிகினு போயிருந்தாரு. கடல் கூப்பிடு தூரம். காத்து ஜோரா வரும். ஆனா போர் போட்டா வந்தது உப்புத் தண்ணி. குடிக்க, ஒல வைக்க தெருக்கொழாய்ல வர்ற நல்ல தண்ணி. குளிக்க, தொவைக்க போர் தண்ணி. அந்தத் தெருவுல அது சட்டம் மாதிரி. நல்ல தண்ணில எவனாச்சும் கால் கழுவுனான்னு வெய்ங்க, எங்க அண்ணி எல்லம்மா அந்தக் காலயே ஒடச்சிடும்.

ஜோதிக்கு அப்போ நாவலூர்ல ஒரு கம்ப்யூட்டர் ஆபீஸ்ல டைப் அடிக்கிற வேல. ஆவணில அவளுக்கு நிச்சயம் ஆச்சு. மாப்ள மோகன் செங்கல்பட்டுல சொந்தமா வேன் வெச்சு ஓட்றவன். நிச்சயத்தன்னிக்கு மாப்ள வூட்டுப் பொம்பளைங்க எல்லாம் பொண்ண சுத்தி வந்து பின்னலத்தான் பாத்தாங்க. இடுப்புக்குக் கீழ தொங்கும் அது. "நெசமாவே சொந்த முடியா, சவுரியா?"ன்னு ஒருத்தி இழுத்தே பாத்தா. கல்யாணம் தை மாசம்னு முடிவாச்சு.

நிச்சயம் முடிஞ்சு பதினஞ்சு நாள் கூட ஆவல. முடி கொட்ட ஆரம்பிச்சது பாருங்க! சீப்புல முடி, தலகாணில முடி, சாம்பார்ல முடி. எங்க அண்ணன் சோத்துத் தட்ட தூக்கிப் புடிச்சுகினு, "இது மொளகா காம்பா, உன் பொண்ணு தலையா?"ன்னு கத்துவாரு. அவருக்கு கோவம் வர்றதுக்கும் காரணம் கீது. அவரு தலைல காதோரமா கொஞ்சம் பூன முடி தான். மீச மட்டும் பெருக்குற தொடப்பம் மாதிரி அடர்த்தியா வெச்சிருப்பாரு.

ஜோதி பயந்துட்டா. அழுதுகினே ஒவ்வொருத்தர் சொல்றதயும் செய்வா. பக்கத்து வூட்டுக்காரி முட்ட சொன்னா, முட்ட. ஆபீஸ்ல கூட வேல செய்யற மார்கரெட் வெங்காயச் சாறு சொன்னா, வெங்காயம். யாரோ தயிரு, யாரோ மருதாணி, செங்கல்பட்டு பஸ் ஸ்டாண்டுல ஒருத்தன் வித்த பச்ச கலர் எண்ண. ஒண்ணு வுடல. மூஞ்சியும் சேத்து கெட்டுது. எலுமிச்சம்பழத்த அப்படியே தேச்சு, எரியுது எரியுதுன்னு மஞ்சள அப்பி, மறுநாளு ஆபீஸுக்கு மாரியம்மன் மாதிரி போனா. அந்த மஞ்சள் போறதுக்கு சோப்ப போட்டு தேச்சுத் தேச்சு, கன்னம் பூரா தோல் உரிஞ்சுது.

ஒரு நாளு காலீல பஸ்ல கண்டக்டரு நின்னு மோந்து பாத்துட்டு, "யாரும்மா ஆம்லெட் கொண்ணாந்தது? நாஸ்தாவ வூட்லயே முடிச்சுட்டு வரக் கூடாதா?"ன்னானாம். பஸ்ஸே சிரிச்சுதாம். மார்கரெட் வேற, "ஜோதி, உன் பக்கத்து சீட்ல உக்காந்தா எனக்குப் பதினோரு மணிக்கே பசிக்குதுடி"ன்னு சொல்லியிருக்கா. இவ அழுதுகினே எனக்கு பூத்துலருந்து போன் பண்ணா. "அத்த, தை மாசம் நான் மணையில உக்காரும்போது என் தலைல இன்னா கீதோ தெரியல அத்த."

புரட்டாசில கல்யாணத்துக்குன்னு அண்ணன் வூட்டுக்கு வெள்ளையடிச்சாங்க. சுண்ணாம்பு தூசு ஆவாதுன்னு ஜோதி திருக்கழுக்குன்றத்துல எங்க வூட்டுக்கு வந்து தங்குனா. எங்க வூட்ல தயிருமில்ல முட்டையுமில்ல. எங்க வூட்டுக்காரருக்கு அப்போ கொலஸ்ட்ரால். சீக்காத் தூளும் தேங்காயெண்ணையும் தான் இருந்துது. வேற வழியில்லாம அத போட்டு எங்க கெணத்துத் தண்ணில தலை முழுவுனா.

கெணத்தடிலருந்து ஒரே கூச்சல். நான் பாம்பு கீம்புன்னு ஓட்றேன். இவ தல பூரா நொரையோட நிக்கிறா. "அத்த! நொர வருது அத்த! எங்க வூட்ல இதே சீக்கா, பிசினு மாதிரி ஒட்டிக்கினு நிக்கும்!" தலய தொவட்டிட்டு சீப்ப வுட்டா. நாலே முடி. சீப்ப வெளிச்சத்துல தூக்கிப் புடிச்சுப் பாக்கறா, வைரத்தப் பாக்கற மாதிரி.

"தண்ணி தான் அத்த! உப்பு ஏறி ஏறி தல வெறகா போச்சு, அது மேல நானு சமயலே பண்ணிகினு இருந்துட்டேன்."

நான் ஒண்ணும் சொல்லித் தரல, சாமி சத்தியமா. அவளே கண்டுபுடிச்சா.

வூட்டுக்குத் திரும்பும்போது ஒரு பிளாஸ்டிக் கொடத்துல எங்க கெணத்துத் தண்ணிய மொண்டு, வாய துணியால கட்டி பஸ்ல ஏத்திட்டா. அதுக்கு லக்கேஜு டிக்கெட் வேற. அண்ணி வாசல்லயே புடிச்சுகினுச்சு.

"இன்னாடி இது, தீர்த்தமா?"

"தலைக்கும்மா."

"ஏண்டி, குடிக்கிற தண்ணிய பஸ்ல ஏத்தி வந்து தலைல ஊத்துவியா? தெருவுல பாத்தா காரித் துப்புவாங்க!"

அம்மாவும் பொண்ணும் ஒரு வாரம் பேசிக்கல. அதுக்குள்ள ஐப்பசி பொறந்து மழ புடிச்சுகிச்சு. ஜோதி பாத்தா. ஆபீஸுக்குப் போறதுக்கு முன்னாடி மொட்டமாடி தண்ணி விழற கொழாய்க்கு நேரா டிரம்ம உருட்டி வெச்சா. தூசு வடிகட்ட வாய்ல ஒரு வெள்ளத் துணி கட்டுனா. சாயங்காலம் அண்ணன் மழைல நனஞ்சு வந்து கொடில தேட்றாரு. "என் வேட்டி எங்கடி?" டிரம்மு கட்டிகினு இருந்துது.

அதுக்கப்புறம் அவ வெச்சுகினது ரொம்ப சுளுவான பழக்கம். வாரத்துக்கு ரெண்டு வாட்டி, குளிக்கறதுக்கு முன்னாடி தேங்காயெண்ணைய லேசா சூடு காட்டி வேர்ல மட்டும் தேய்ப்பா. வழிய வழிய இல்ல. சீக்காத் தூளோட ஊற வெச்ச வெந்தயத்த அரச்சு, வடிச்ச கஞ்சில கொழச்சு போடுவா. மழத் தண்ணில அலசுவா. ஈரத் தலைல சீப்பு வெக்க மாட்டா. மூஞ்சிக்கு சோப்பயே தொடல. பயத்தம் மாவுல அரிசி கழுவுன தண்ணிய வுட்டு கழுவுவா, ராத்திரில ஒரு பொட்டு தேங்காயெண்ண. அவ்ளோ தான். மத்த டப்பா எல்லாம் குப்பைல.

கார்த்திகைல கொட்றது நின்னுச்சு. மார்கழில நெத்தியோரம் புதுசா குட்டி குட்டி முடி, நாத்து வுட்ட மாதிரி. கன்னத்துல உரிஞ்ச தோல் போயி மினுமினுன்னு ஆச்சு. மார்கரெட் வாய தொறந்து, "இன்னா பூசறன்னு மரியாதையா சொல்லிடு"ன்னு மெரட்டுனாளாம். இவ "மழ"ன்னாளாம்.

இதோட முடிஞ்சிருந்தா நான் ஏன் இவ்ளோ டைப் அடிக்கப் போறேன்?

மார்கழி கடேசில பத்திரிக வெக்கறதுக்கு நானும் போயிருந்தேன். மோகனும் வந்திருந்தான். காபி குடிச்சுகினே அண்ணி சாதாரணமா சொல்லுது: "பொங்கலுக்கு முன்னாடி திருப்போரூர் போய் வந்துடணும். ஜோதிக்கு மொட்ட போடணும்."

ஜோதி கைல இருந்த டம்ளரு நின்னுபோச்சு. "யாருக்கு?"

"உனக்குத் தாண்டி. முடி கொட்றது நின்னுச்சுன்னா ஜோதி தல முடிய தர்றேன், கல்யாணத்துக்கு முன்னாடியே தர்றேன்னு முருகன்கிட்ட வேண்டிக்கினேன். நின்னுச்சா இல்லயா?"

"முடிய காப்பாத்தறதுக்கு அந்த முடியயே வேண்டிக்கினியாம்மா?"

"அவசரத்துல வேற இன்னா தோணும்? தெனம் திருப்போரூர் வழியா தானே பஸ்ல போற, எல்லாம் அவன் பாத்துகினு தான் இருந்தான்."

நான் அண்ணனைப் பாக்கறேன். எப்பவும் அண்ணி பேசுனா நடுவுல வுழுந்து கத்துற ஆளு, மீசையத் தடவிகினு சொவத்தப் பாக்கறாரு.

"நைனா?" ன்னா ஜோதி.

"அது வந்து..." ன்னாரு. "நான் திருப்பதிக்கு நேர்ந்துகினேன்."

"எத?"

"உன் தலைய தான். என் தலைல இன்னாமா கீது, பெருமாளுக்குக் குடுக்க?"

ஜோதிக்குக் கண்ணு கலங்கிடுச்சு, எனக்கு சிரிப்பு தொண்டைல முட்டுது. அந்த நேரம் பாத்து மோகன் இருமுறான். எல்லாரும் திரும்புனோம். மாப்ள மூஞ்சி இட்லித் துணி மாதிரி வெளுத்துகினு கீது.

"நீங்களுமா?" ன்னா ஜோதி.

"நீ எனக்கும் பூத்துலருந்து போன் பண்ணி அழுதியா... மனசு கேக்கல. திருத்தணி முருகன்கிட்ட..."

"யார் தலைய?"

அவன் விரல மட்டும் லேசா நீட்டுனான், அவ பக்கமா.

"இருக்கறது ஒரு தல! அத ஆளுக்கு ஒரு சாமிகிட்ட வித்துட்டு வந்து காபி குடிக்கிறீங்களா?"ன்னு கத்திட்டு, அப்பால யோசிச்சா. "சரி, திருத்தணியும் திருப்போரூரும் ஒரே முருகன் தானே?"

அண்ணி தலைய ஆட்டுச்சு. "ஒரே பேங்க்கு தான், பிராஞ்சி வேற வேறடி. ஒரு எடத்துல கட்டிட்டு இன்னொரு எடத்துல ரசீது கேப்பியா?"

"ஆனா முடி கொட்றத நிறுத்துனது முருகனா? மழத் தண்ணிம்மா!"

"அந்த மழைய வுட்டது யாரு, உன் ஆபீஸா?"

ஜோதி எந்திரிச்சுப் போயி டிரம்மு பக்கத்துல உக்காந்துகினா. அடுத்த நாளுலருந்து அண்ணி சரியா சாப்பிடல. வேண்டுதல தள்ளிப் போட்டா பொண்ணு வாழ்க்கைக்கு இன்னா ஆவுமோன்னு அதுக்கு நெஜமான பயம். பொண்ணுக்கும் நெஜமான பயம். மொட்டத் தலையோட மணைல உக்காரணும், அந்த சவுரி இழுக்கற கூட்டத்துக்கு நடுவுல. மூணு நாளு பாத்தா, அம்மா வத்திகினே போவுது. "கெளம்பும்மா, போட்டுக்கறேன்"னு அவளே சொல்லிட்டா.

திருப்போரூருக்கு நானும் கூடப் போனேன். மொட்ட போட்ற எடத்துல ஜோதி பலகைல உக்காந்தா. பின்னல தானே அவுத்தா. முடி மழ மாதிரி முதுகுல எறங்குச்சு. அக்கம்பக்கத்துல கொழந்தைங்க அழுகைய நிறுத்திட்டுப் பாக்குதுங்க. முடியெடுக்கறவரு தண்ணியத் தெளிச்சு, தலயக் குனியச் சொல்லி, கத்தில புது பிளேடு மாட்டுறாரு. ஜோதி அழல. நெத்தியோரம் இருந்த புதுக் குட்டி முடிய மட்டும் ஒரு விரலால தொட்டுப் பாத்துகினா.

அத அண்ணி பாத்துட்டுது.

"எந்திரிடி!"

"இன்னாம்மா?"

"எந்திரின்னு சொல்றேன்ல! என்னக் கேக்காம என் முடிய யாராச்சும் வேண்டிக்கினா நான் உக்காருவனா? வேண்டுன வாய் என்னுது, தலையும் என்னுதே இருக்கட்டும்." பொண்ண கையப் புடிச்சு இழுத்துட்டு அது பலகைல குந்திக்கிச்சு. கொண்டைய அவுத்துச்சு. எங்க அண்ணி முடிய நீங்க பாத்ததில்ல. அது தான் ஜோதிக்கே வந்துது. அம்மாம் பெருமை அதுக்கு அந்தக் கொண்டைல.

முடியெடுக்கறவரு மொறச்சாரு. "தண்ணி தெளிச்சது ஒரு தல, உக்காந்தது ஒரு தல. எதம்மா எடுக்கறது?"

"இதத்தான்யா. சீக்கிரம் போடு, மனசு மாறிடப் போவுது."

முடி வுழ வுழ அண்ணி கண்ண மூடிகினு, "முருகா, ஆள் தான் மாத்தியிருக்கேன், முடி கொறயல, எடை போட்டுப் பாத்துக்கோ"ன்னு சொல்லிகினே இருந்துச்சு. ஜோதி அம்மா தலைல சந்தனத்தப் பூசிகினே அழுவுறா, சிரிக்கிறா.

அம்மாவே குடுத்த அப்பால ஆம்பளைங்க எங்க தப்பிக்கிறது? அண்ணன் திருப்பதி போனாரு. அங்க அவரு தலைய பாத்துட்டு, "ஏற்கனவே போட்டுட்டீங்களே"ன்னு கேட்டாங்களாம். காதோர முடி மட்டும் குடுக்க மனசு ஒப்பாம மீசையயும் சேத்துக் குடுத்துட்டு வந்தாரு. வந்து கதவத் தட்டுனா அண்ணிக்கு ஆளு தெரியல, யாரு வேணும்னு கேட்டுச்சு. மோகன் கல்யாணத்துக்கு நாலு நாளு முன்னாடி திருத்தணி போயி வழவழன்னு வந்து நின்னான். அவங்க அம்மா எங்க எல்லாரயும் வஞ்சுது பாருங்க, அத எழுத முடியாது.

கல்யாணத்தன்னிக்கு மண்டபத்துல நொழயற ஜனம் எல்லாம் வாசல்லயே கொரல எறக்கிடும். மாப்ளைக்கு மொட்ட, பொண்ணோட அம்மாவுக்கு மொட்ட, அப்பாவுக்கு மீசயே காணோம். மாப்ளையோட தூரத்துச் சித்தப்பா ஒருத்தர் அண்ணன் கையப் புடிச்சுகினு, "எப்போ தவறுனாங்க? எங்களுக்கு ஒரு சேதி சொல்லக் கூடாதா?"ன்னு கண்ணீரே வுட்டுட்டாரு. நடுவுல எங்க ஜோதி, பின்னல் பூரா மல்லியும் கனகாம்பரமுமா, கன்னம் பளபளன்னு சிரிச்சுகினு உக்காந்திருக்கா. போட்டோக்காரன் பல்பு வெளிச்சம் மூணு மொட்டைலயும் பட்டுத் தெறிச்சு பாதி படம் வெள்ளையா வந்துது. அந்த ஆல்பத்தப் பாத்து இன்னிக்கும் சிரிக்காத ஆளு இல்ல.

தாலி கட்டுன கையோட மோகன் குனிஞ்சு ஜோதி காதுல இன்னாவோ சொன்னான். இன்னாடி சொன்னான்னு அப்புறமா கேட்டேன். "அந்தத் தண்ணி எனக்கும் ஒரு கொடம் கெடைக்குமா?"ன்னானாம்.

கல்யாணம் முடிஞ்சு நான் ஒரு நாளு அண்ணன் வூட்டுக்குப் போறேன். பின்பக்கம் சத்தமில்லாம அண்ணி குந்திகினு கீது. தலைல முள்ளு முள்ளா முடி. அது மேல கஞ்சில கொழச்ச சீக்காவ தடவிகினு, பக்கத்துல ஒரு சொம்பு. மோந்து பாத்தேன், மழத் தண்ணி வாசன.

"அண்ணி, குடிக்கிற தண்ணியா?"

"வாய மூடுடி. ஒரு சொம்பு தான். உங்க அண்ணன்கிட்ட சொல்லாத, அது மீசைக்குன்னு தனியா கேக்குது."

எனக்குத் தெரிஞ்சது இவ்ளோ தான். இப்போ நீங்க சொல்லுங்க. உங்க ஊருத் தண்ணி எப்படி, உப்பா இனிப்பா? தலைக்கு இன்னா போட்டு இன்னா கூத்தாச்சு? உங்களக் கேக்காம உங்க தலைய யாராச்சும் சாமிக்கு நேர்ந்துகினாங்களா, அத எப்படி சமாளிச்சீங்க? ஒண்ணு வுடாம கீழ எழுதுங்க, நான் கண்ணாடி போட்டுகினு எல்லாத்தயும் படிப்பேன்.