அப்பாவின் துறைமுகம் ஆங்கிலத்துக்கு மாறிய பகல்

அப்பா மத்தியானம் சாப்பிட்டுவிட்டுக் கண்ணயர்ந்த நேரத்தில் நான் அவருடைய விளையாட்டின் மொழியை மாற்றினேன்.

அப்போது என் மடியில் ஒரு தமிழாக்க நாவல் கிடந்தது. ஏதோ ஒரு பனி நாட்டில் ஒருவன் புகைவண்டிக்காகக் காத்திருந்தான். உப்புக் காற்றையும் வியர்வையையும் தவிர வேறொன்றும் அறியாத எனக்கு அவனுடைய விறைத்துப்போன விரல்கள் வலித்தன. முகம் தெரியாத ஒருவர் எங்கோ உட்கார்ந்து மொழியை மாற்றித் தந்திருக்கிறார், அவ்வளவுதான் நடந்திருக்கிறது. அப்பாவின் விளையாட்டும் அப்படி எனக்குக் கிட்ட வந்துவிடும் என்று நினைத்தேன்.

அந்த வீடியோ கேம் பெட்டியைக் கொண்டுவந்தது பெரியம்மாவின் மகன் லதீசன். ஜப்பானிலிருந்து கொள்கலனில் வரும் பழைய சாமான்களை விற்கும் கடையில் அவனுக்கு வேலை. சைக்கிள்களுக்கும் மின்விசிறிகளுக்கும் நடுவில் அது கிடந்ததாம். உள்ளே ஒரு சிடியும் இருந்தது. கப்பல்களை வெளிக்கடலிலிருந்து கூட்டி வந்து துறையில் கட்டும் விளையாட்டு. "சித்தப்பாவுக்கெண்டே செய்தமாதிரி இருக்கு" என்று சொல்லித் தந்துவிட்டுப் போனான்.

அப்பா, இராசதுரை, துறைமுகத்தில் இழுவைப் படகு ஓட்டியவர். கோதுமைக் கப்பல்களின் விலாவில் மூக்கை வைத்து மெல்லத் தள்ளிச் சேர்க்கிற படகு. ஸ்ட்ரோக் வந்து வலப்பக்கம் செயலிழந்த பிறகு அவரிடம் ஒரே ஒரு சொல்தான் மிஞ்சியது. ஓம். தேத்தண்ணீர் வேண்டும் என்றாலும் ஓம், வேண்டாம் என்றாலும் ஓம். கோபம் வந்தால் உரத்த ஓம். வாசிப்பும் போய்விட்டது. அவருடைய பெயரையே எழுதிக் காட்டினாலும் சுவரைப் பார்ப்பதுபோலப் பார்ப்பார்.

விளையாட்டில் எல்லாம் ஜப்பானிய எழுத்து. அது அவருக்கு ஒரு தடையாகவே இருக்கவில்லை. எந்த வரி எந்த இடத்தில் இருக்கிறது என்று மனதில் பதித்துவைத்திருந்தார். வட்டப் பொத்தான் என்றால் போகலாம். பெருக்கல் குறி போட்ட பொத்தான் என்றால் வேண்டாம், திரும்பு. கன்ட்ரோலரைத் தொடைகளுக்கிடையில் இறுக்கிக்கொண்டு இடக்கையால் ஓட்டுவார். ஒரு கப்பலைக் கட்டி முடித்ததும் கதிரையின் கையில் தட்டுவார். அம்மா குசினியிலிருந்து ஈரக்கையோடு ஓடிவந்து பார்க்க வேண்டும். கட்டிய கப்பல்கள் எல்லாம் ஒரு திரையில் வரிசையாக நிற்கும். அதைத் திறந்துவைத்துக்கொண்டு நெடுநேரம் இருப்பார். நோய் வந்த பிறகு யாருடைய கையும் படாமல் அவர் செய்து முடித்த ஒரே காரியம் அந்த வரிசைதான்.

ஆங்கிலம் இலகுவாகவே கிடைத்தது. ஒவ்வொரு வரியாகத் திறந்து பார்த்ததில் ஓரிடத்தில் அது இருந்தது. அமத்தினேன். துறைமுகம், நங்கூரம், அலை, காற்று என்று எல்லாவற்றையும் என்னால் வாசிக்க முடிந்தது. சந்தோசத்தில் எழுந்து நின்றேன்.

அப்பா கண் விழித்தார். கன்ட்ரோலரை எடுத்து அவருடைய மடியில் வைத்தேன்.

திரையைப் பார்த்ததும் அவருடைய கை நின்றது. பிறகு பழக்கத்தில் திரையின் கீழ் வரிக்கு இறங்கி வட்டத்தை அமத்தினார். ஒன்றும் நடக்கவில்லை. மறுபடி அமத்தினார். எல்லாப் பொத்தான்களையும் தடவித் தடவி அமத்தியதில் எப்படியோ கப்பல் வரிசை திறந்தது. அங்கே வெறும் கடல் இருந்தது. ஒரு கப்பலும் இல்லை.

"ஓம்?" என்றார் என்னைப் பார்த்து.

"ஒண்டுமில்லையப்பா. இந்தா, இப்ப மாத்திறன். தாங்கோ."

அவர் தரவில்லை. "ஓம். ஓம். ஓம்" என்று கதிரையில் அடிக்கத் தொடங்கினார். நெற்றி ஓரத்து நரம்பு புடைத்தது. முகத்தின் இடப்பக்கம் துடித்துக்கொண்டிருந்தது. வலப்பக்கம் ஒன்றும் தெரியாததுபோல அமைதியாக இருந்தது. அந்த அமைதிதான் என்னைப் பயப்படுத்தியது.

பக்கத்து வீட்டு தயாளினி அக்கா ஆஸ்பத்திரியில் நர்ஸ். போன கிழமை பிரசர் பார்த்துவிட்டு என்னை வாசலுக்குக் கூப்பிட்டுச் சொன்னார்: "ஆளைக் கோவப்படாமப் பாத்துக்கொள்ளு. இன்னொருக்கா வந்தா அந்த ஒரு சொல்லும் போயிடும். ஆளும் போகலாம்." அம்மாவுக்கு அதை நான் சொல்லவில்லை. அம்மா இப்போது உப்புவெளியில், விருந்தினர் விடுதி ஒன்றில் கட்டில் விரிப்பு மாற்றிக்கொண்டிருப்பாள். வீட்டில் நானும் அப்பாவும் மட்டும்தான்.

ஓடிப்போய் லதீசனுக்குப் போன் எடுத்தேன்.

"என்னடி, சித்தப்பா கப்பலைக் கல்லில ஏத்திப்போட்டாரோ?"

"பகிடி விடாதேங்கோ அண்ணா. நான் இங்கிலீசுக்கு மாத்தினனான். கப்பல் ஒண்டும் இல்லை. எல்லாம் அழிஞ்சுபோச்சு."

"உனக்கு வேற வேலையில்லையே? அழியேல்ல. பழைய கேமெல்லாம் உப்பிடித்தான். ஜப்பான் மொழியில சேவ் பண்ணினதை இங்கிலீசில காட்டாது. திரும்ப மாத்தினா வரும். ஆனா ஒண்டு, கவனம். புதுசாத் தொடங்கவோ எண்டு கேக்கும். தொடங்கச் சொல்லிப்போடாதை. பழசுக்கு மேல எழுதிப்போடும். பிறகு கடவுளாலயும் ஏலாது."

"தெரியாதது ஏதும் கேட்டா அப்பா எப்பவும் பெருக்கலைத்தான் அமத்துவார். அமத்தினா வெளியில வந்திடும்தானே?"

அவனுடைய குரல் உயர்ந்தது.

"இங்கிலீசில பொத்தானும் மாறுமடி. வட்டம்தான் வேண்டாம். பெருக்கலெண்டாத் தொடங்கு எண்டு அர்த்தம். ஓடு, பறி அதை!"

திரும்பிப் பார்த்தேன். திரையில் ஒரு பெட்டி வந்திருந்தது. புதிய பதிவைத் தொடங்கவா என்று ஆங்கிலத்தில் கேட்டது. அந்த அந்நிய எழுத்தை எப்படியாவது தன் முன்னாலிருந்து விரட்டிவிட அப்பாவின் விரல் பெருக்கலுக்குப் போனது. அமத்தினார். இன்னொரு பெட்டி வந்தது. முன்னைய பதிவுகள் எல்லாம் அழிந்துவிடும், நிச்சயமா?

"அப்பா அமத்தாதேங்கோ!"

பாய்ந்து கன்ட்ரோலரைப் பிடித்தேன். அவர் விடவில்லை. காற்றுக்காலத்தில் சுக்கானை இழுத்துப் பிடித்த கை அது. நான் இழுக்க அவர் இழுக்க, அவருடைய முகம் கருஞ்சிவப்பாகியது. தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அது ஓம் இல்லை. அதற்கு முன் நான் கேட்டிராத ஏதோ சத்தம். இன்னும் இழுத்தால் என் கண் முன்னாலேயே அவருக்கு இன்னொரு ஸ்ட்ரோக் வந்துவிடும். விட்டால் அந்த விரல் மறுபடியும் பெருக்கலுக்குப் போகும்.

விட்டேன். நடைக்கு ஓடி மெயின் சுவிட்சை இழுத்துக் கீழே தள்ளினேன்.

ரீவி இருண்டது. மின்விசிறி சுற்றிச் சுற்றி ஓய்ந்தது. நான் சுவிட்சில் வைத்த கையை எடுக்காமல் நின்றேன். அவர் இரண்டாம் முறை அமத்துவதற்கு முன்பா, பின்பா? எனக்குத் தெரியவில்லை.

அறைக்குள் சத்தமில்லை. அதுவும் பயமாக இருந்தது. எட்டிப் பார்த்தேன்.

அப்பா நிமிர்ந்து மின்விசிறியைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிடி தளர்ந்திருந்தது. உதடுகளைக் குவித்து நீளமாக மூச்சு விட்டார். நாடு முழுக்க மணிக்கணக்காகக் கரண்ட் போன அந்த வருசத்தில் அவர் இப்படித்தான் சாய்ந்து உட்கார்ந்து இருப்பார். கரண்ட் போனால் யாரோடு கோபிப்பது? யார் செய்த பிழையும் இல்லை. வரும்போது வரும்.

"ஓம்" என்றார் மெதுவாக.

"ஓமப்பா. கரண்ட் போயிட்டுது" என்றேன்.

அந்த நேரம் மதிலுக்கு அப்பால் தயாளினி அக்காவின் மிக்ஸி உறுமத் தொடங்கியது.

அப்பாவின் தலை மதில் பக்கம் திரும்பியது. கொஞ்ச நேரம் கேட்டார். பிறகு என் பக்கம் திரும்பி, என் முகத்தைப் பார்த்து, அங்கிருந்து என் கை போகும் வழியே மேலே சுவிட்ச் வரைக்கும் பார்த்தார்.

நான் அழுதுவிட்டேன். "அக்கா! தயாளினி அக்கா! ஒருக்கா வாங்கோ!"

மிக்ஸி நின்றது. பிரசர் மெஷினோடு அவர் வந்தபோது அவருடைய விரல்களில் தேங்காய்ப்பூ ஒட்டியிருந்தது. பட்டியைச் சுற்றிக் காற்றடித்து, குழாயைக் காதில் வைத்துக் கேட்டு, மறுபடியும் காற்றடித்தார். நான் அவருடைய புருவங்களையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"கூடத்தான். ஆனா இறங்குது" என்றார். "வாயைத் திறவுங்கோ மாமா. கையைத் தூக்குங்கோ. சரி, சரி. ஆர் உங்களைக் கோவப்படுத்தினது? இவளோ?"

"ஓம்" என்றார் அப்பா.

"பாத்தியா, போட்டுக் குடுத்திட்டார்" என்று சிரித்தார் தயாளினி அக்கா. எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த ஓமுக்கு என்ன அர்த்தம் என்று கேட்டால் அதற்கும் ஓம்தான் வரும். "தண்ணி குடு. அரை மணித்தியாலத்தால திரும்ப வந்து பாப்பன்" என்று சொல்லிவிட்டு அவர் சம்பலை முடிக்கப் போனார்.

சுவிட்சைத் தூக்கிவிட்டேன். இந்த முறை கன்ட்ரோலரை எடுத்தபோது அப்பா தடுக்கவில்லை. மொழி இருந்த இடத்துக்குப் போய் ஜப்பானிய மொழியைத் தொட்டுவிட்டுக் கப்பல் வரிசையைத் திறந்தேன். சிடி உள்ளே கறகறவென்று சுற்றியது. என் மணிக்கட்டை அப்பா பிடித்துக்கொண்டார். அவருடைய நாடி என் தோலில் அடித்தது. திரை கறுப்பாகவே இருந்தது. இல்லையென்றால் என்ன சொல்வேன், எந்தச் சொல்லால் சொல்வேன் என்று நினைத்துக்கொண்டிருந்தபோது கடல் வந்தது. கடலில் கப்பல்கள் நின்றன.

அப்பா முதலாவதிலிருந்து தொடங்கி ஒவ்வொன்றாகப் பார்த்தார். கடைசிக் கப்பல் வந்ததும் என் கையை விட்டார்.

கன்ட்ரோலரை அவருடைய தொடைகளுக்கிடையில் வைத்தேன். திரையின் கீழ் வரிக்கு இறங்கினார். விரலை வட்டத்தின் மேல் வைத்தார். ஆனால் அமத்தவில்லை. போகலாமா என்று கேட்பதுபோலத் திரும்பி என் முகத்தைப் பார்த்தார்.

தலையாட்டினேன். அமத்தினார்.

அடுத்த திரை வந்தது. விரல் பொத்தானில் இருந்தது. கண் மறுபடியும் என்னிடம் வந்தது. திரையில் என்ன எழுதியிருக்கிறது என்று எனக்குத் தெரியாது. அதற்கும் தலையாட்டினேன்.

துறைமுக வாசலில் ஒரு பெரிய கப்பல் தோன்றியது. காற்று அதை ஒரு பக்கமாகத் தள்ளிக்கொண்டிருந்தது. அப்பா கன்ட்ரோலரில் கப்பலைத் திருப்பும் கட்டையைத் தொட்டபடி, அசைக்காமல், என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அப்பா, கப்பலைப் பாருங்கோ" என்றேன்.

அவர் என் முகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. கப்பல் கல் அணையை நோக்கி மெல்ல நகர்ந்துகொண்டிருந்தது.